முதுகுக்குப் பேர் போனவள்

முப்பிடாதியம்மாளின் முகம் எப்படி இருக்கும் என்று கேட்டால், அன்றைக்குக் குற்றாலத்துக்குப் பக்கத்தில் அவள் ஊரான இலஞ்சியைத் தாண்டிப் பத்துப் பேருக்குச் சொல்லத் தெரியாது. முதுகு அப்படி இல்லை. மதுரை, திருச்சி, சேலம், கடல் தாண்டிக் கொழும்பு வரைக்கும் அவள் முதுகைப் பார்த்தவர்கள் உண்டு. இருபத்து மூன்று படங்களில் அந்த முதுகு அருவியில் நனைந்தது, ஆற்றில் விழுந்தது, கிணற்றுக்குள் குதித்தது, அடைமழையில் நின்று காதலனுக்காகக் காத்திருந்தது. முதுகு திரும்பும்போது மட்டும் அங்கே வேறொருத்தியின் முகம் இருக்கும்.

இது தொடங்கியது ஐம்பத்தெட்டாம் வருஷத்துச் சாரலில்.

அவளுடைய அம்மா முருகம்மாள் குற்றாலத்தில் பெரிய அருவிக்குப் போகிற பாதையில் சீயக்காய்ப் பொடியும் நல்லெண்ணெயும் விற்றுக்கொண்டிருந்தாள். புருஷன் காலமாகிப் பல வருஷம். வீட்டுக்கு ஆண்துணை என்று இருந்தது தம்பி சிவசைலம். அவருக்கு ஒரு கண்தான். பதினாறு வயதில் அருவிக்குள் நின்றுகொண்டு, இந்தத் தண்ணீர் எங்கே இருந்து வருகிறது என்று அண்ணாந்து பார்த்தார். அருவி ஒரு கூழாங்கல்லை அனுப்பிப் பதில் சொன்னது. அதற்குப் பிறகு தென்காசித் தியேட்டரில், எனக்குப் பாதிப் படம்தானே தெரிகிறது, அரை டிக்கெட் கொடு என்று வாதாடுவார். ஒருநாள் சலித்துப்போன டிக்கெட்காரன் அரை டிக்கெட்டைக் கொடுத்து, இடைவேளையோடு அவரை வெளியே கூட்டிக்கொண்டு வந்து விட்டுவிட்டதாகவும் சொல்வார்கள்.

தம்பியின் கண் போனதில் இருந்து முருகம்மாள் ஒரு சட்டம் வைத்திருந்தாள். அருவிக்குள் கால் வைத்ததும் தலையைக் குனிய வேண்டும். இரண்டு கையையும் உச்சந்தலையில் கோத்து வைக்க வேண்டும். இடி விழுந்தாலும் மேலே பார்க்கக் கூடாது. முப்பிடாதி நடை பழகும் முன்பே இதைப் பழகிவிட்டாள். அவளுக்கு அருவி என்றால் தன் கால் கட்டைவிரலைப் பார்த்துக்கொண்டு முதுகில் அடி வாங்குவது.

அந்த ஆடியில் சென்னையிலிருந்து ஒரு சினிமாக் கூட்டம் வந்து இறங்கியது. கதாநாயகி அருவியைத் தூரத்தில் நின்று பார்த்தாள். சால்வையை இழுத்துப் போர்த்திக்கொண்டு காருக்குள் போய் உட்கார்ந்துவிட்டாள். வெந்நீராக இருந்தால் நிற்கிறேன் என்றாளாம். அருவிக்கு அடுப்பு மூட்ட ஆள் கிடைக்காததால், அவள் உயரத்துக்கும் உடம்புக்கும் ஒத்த ஒரு பெண்ணைத் தேடினார்கள். முப்பிடாதிக்கு அப்போது பத்தொன்பது வயது. எண்ணெய்ப் பாத்திரத்தோடு நின்றவளை மானேஜர் சுற்றிச் சுற்றி வந்து பார்த்தார்.

முருகம்மாளுக்குச் சினிமா என்றால் உயிர். இருந்தாலும் பெண்ணுக்கு ஆலங்குளத்தில் சங்கரபாண்டி என்கிற பையனைப் பேசி வைத்திருந்தது. அடுத்த வைகாசியில் கல்யாணம். அதனால் ஒரே ஒரு நிபந்தனை போட்டாள். மகள் முகம் படத்தில் தெரியக் கூடாது. மானேஜர் சிரித்தார். முகம் தெரிந்தால் அது டூப்பே இல்லையம்மா என்றார். அவரைக் கோயில் கோபுரத்தைப் பார்த்துத் திரும்பச் சொல்லி, குற்றாலநாதர் பேரில் சத்தியம் வாங்கிக்கொண்டாள் முருகம்மாள்.

சத்தியத்தை அவர் காப்பாற்றினார். முப்பிடாதி தலையைக் குனிந்து, கையை உச்சியில் கோத்து, முதுகைக் காட்டிக்கொண்டு நின்றாள். அவளுடைய இடது தோளுக்குக் கீழே கொல்லாங்கொட்டை, அதாவது முந்திரிக்கொட்டை மாதிரி வளைந்து ஒரு மச்சம் உண்டு. மேக்கப்காரர் அதன் மேல் மாவைக் குழைத்துப் பூசித்தான் விட்டார். குற்றாலத்துத் தண்ணீருக்கு மாவு எந்த மூலைக்கு?

பங்குனியில் படம் தென்காசிக்கு வந்தது. சம்பந்தியம்மாள் பட்டு எடுக்க ஆலங்குளத்திலிருந்து வந்தவள், வந்ததோடு ஒரு படமும் பார்ப்போம் என்று பெண்கள் பக்கம் போய் உட்கார்ந்தாள். திரையில் அருவி விழுந்தது. முதுகு தெரிந்தது. மச்சம் தெரிந்தது. இலஞ்சிப் பெண்கள் ஒரே ஆற்றில் குளித்து வளர்ந்தவர்கள். அவர்களில் யாரோ ஒருத்தி, “அது நம்ம முப்பிடாதி முதுகுல்லா” என்று சொல்ல, தியேட்டர் முழுக்க அது பரவிற்று.

மறுநாள் காலை சம்பந்தியம்மாள் இலஞ்சிக்கு வந்தாள். வைத்த காப்பியைத் தொடவில்லை. குரலையும் உயர்த்தவில்லை.

“மதினி, முகம்னா நாலு பேரு பாக்கத்தான் செய்வாவ. தேருக்குப் போனாலும் பாப்பாவ, சந்தைக்குப் போனாலும் பாப்பாவ. முதுகு அப்படியா? அது பெத்தவளுக்கும் கெட்டினவனுக்கும் உள்ளதுல்லா. அதைப் போயி ஊருக்குக் காட்டிட்டியளே.”

அதோடு கல்யாணம் நின்றது. முருகம்மாள் மூன்று நாள் கடை போடவில்லை. முகம் தெரியக் கூடாதென்று சத்தியம் வாங்கத் தெரிந்தவளுக்கு முதுகு என்று ஒன்று இருப்பது ஞாபகம் வராமல் போயிற்றே என்று தலையில் அடித்துக்கொண்டாள். மூன்றாம் நாள் முப்பிடாதிதான் பேச்சை எடுத்தாள்.

“முதுகு போன இடத்துக்கு முகமும் போயிட்டு வரட்டும்மா. அதையும் பாத்துட்டு இந்த ஊரு என்ன சொல்லுதுன்னு பாப்போம்.”

படப்பிடிப்புக்கு எக்ஸ்ட்ரா ஆட்களைச் சேர்த்துக் கொடுக்கிறவர் அப்துல் ஜப்பார். கடையநல்லூர்க்காரர், வடபழனியில் குடியிருப்பு. போகும்போது விலாசம் எழுதிக் கொடுத்துவிட்டுப் போயிருந்தார். கொண்டுபோய் விட்டுவிட்டுத் திரும்பச் சிவசைலம் மாமா துணைக்கு வர, முப்பிடாதி தென்காசி ஸ்டேஷனில் கொல்லம் மெயிலுக்குக் காத்து நின்றாள். முருகம்மாள் வழிக்குப் புளியோதரையைக் கட்டிக் கொடுத்துவிட்டு, ஒரு வார்த்தையும் கொடுத்தாள்.

“உன் மொகம் வந்திருக்குன்னு தாக்கல் வந்தாத்தான் இனி நான் தேட்டருக்குள்ள காலு வைப்பேன். அதுவரைக்கும் எனக்குச் சினிமா கிடையாது.”

சோற்றை விடுகிறேன் என்று சொல்லியிருந்தாலும் முப்பிடாதி இவ்வளவு கலங்கியிருக்க மாட்டாள். புதுப் படத்துக்கு முதல் ஆளாகப் போய், அழ வேண்டிய இடத்துக்கு இரண்டு காட்சி முன்னாலேயே அழத் தொடங்குகிறவள் அவள் அம்மா.

சென்னையில் முதலில் போனது பெயர். ஜப்பாரின் நோட்டில் ஒரு வரிக்கு நாலு பெயர் எழுத வேண்டும். முப்பிடாதியம்மாள் என்று எழுதினால் மற்ற மூன்று பேரும் தெருவில் நிற்க வேண்டியதுதான். அவர் யோசித்து, ‘எம்.பி.’ என்று போட்டுக்கொண்டார். அன்றிலிருந்து விடிகாலையில் வேன் வந்து நின்றதும், “எம்.பி. வந்தாச்சா?” என்று சத்தம் கேட்கும். ஒரு ஸ்டூடியோவில் எம்.பி. வருகிறார் என்று தகவல் போய், வாட்ச்மேன் உடுப்பை இழுத்துவிட்டுக்கொண்டு வேன் கதவைத் திறந்து சல்யூட் அடித்தானாம். உள்ளே இருந்து முப்பத்தொரு எக்ஸ்ட்ராக்கள் கொட்டாவி விட்டுக்கொண்டு இறங்கினார்கள்.

வேலை என்றால் காத்திருப்பதுதான் வேலை. ஐந்து மணிக்குக் குளித்து, ஆறு மணிக்கு மாவு பூசி, வேப்பமரத்தடியில் உட்கார வேண்டும். கதாநாயகி பதினோரு மணிக்கு வருவாள். விளக்குகளைச் சரி செய்ய ஒரு மணி நேரம். சாப்பாடு. பிறகு ஏதோ ஒரு விளக்கு எரியாது. சாயங்காலம் நாலு மணிக்கு யாருக்கோ ஞாபகம் வந்து, அந்தத் தண்ணிப் பொம்பளையைக் கூப்பிடு என்பார்கள். அவள் போய்த் தொட்டியில் விழுவாள். முதுகு சரியாக விழவில்லை என்று மறுபடி விழச் சொல்வார்கள். சேலை உடம்பிலேயே நனைந்து உடம்பிலேயே காயும். மூன்றாம் வருஷத்தில் முழங்காலில் வலி குடியேறியது. ஐந்தாம் வருஷத்தில் அது கழுத்துக்கும் ஏறியது. தண்ணீர்க் குழாயைத் திறக்கிற சத்தம் கேட்டாலே அவளுக்கு எலும்புக்குள் அலுப்புத் தட்டும். இலஞ்சியில் வாய்க்காலைக் கண்டால் குதிக்கிற பெண் இவள்தான் என்று சொன்னால் அவளாலேயே நம்ப முடியாது.

முகத்துக்காக அவள் முயற்சி பண்ணாமல் இல்லை. அறுபத்தொன்றில் ஒரு வேலைக்காரி வேஷம் கிடைத்தது. கதவைத் திறந்து, “அத்தான் வந்துகொண்டிருக்கிறார்” என்று சொல்ல வேண்டும். மூன்று நாள் வடபழனிக் கோயில் பிரகாரத்தைச் சுற்றிச் சுற்றி அதைப் பாடம் பண்ணினாள். கதவு திறந்தது. “அத்தான் வந்துட்டிருக்காவ” என்றாள். எல்லோரும் சிரித்தார்கள். மறுபடி கதவு திறந்தது. மறுபடியும் வந்துட்டிருக்காவ. ஐந்தாவது தடவை டைரக்டர், அந்த அத்தானைத் திருநெல்வேலிக்கே போகச் சொல்லுங்கள் என்று சொல்லிவிட்டு, வசனத்தைத் தோட்டக்காரனுக்குக் கொடுத்துவிட்டார்.

அவளோடு ஒரே அறையில் இருந்தவள் சொக்கம்மாள். மதுரைக்காரி, வயதில் மூத்தவள். அழுகிற கூட்டத்தில் முன்வரிசையில் உட்காருகிறவள். அவள் ஒரு யோசனை சொன்னாள்.

“முகம் தெரியணும்னா பிணமா நடிக்கக் கேளு தங்கச்சி. செத்தவளுக்குக் கண்டிப்பா க்ளோசப் உண்டு. வசனமும் கிடையாது.”

ஜப்பாரிடம் கெஞ்சி அந்த வேஷத்தையும் வாங்கினாள். அரை நாள் மூச்சைப் பிடித்துக்கொண்டு கிடந்தாள். கதாநாயகன் அழுதுகொண்டே வந்து, ஒரு பெரிய சம்பங்கி மாலையை அவள் முகத்தின் மேலேயே போட்டுவிட்டுப் போனான். மாலையைக் கொஞ்சம் கீழே போடக் கூடாதா என்று பிணம் எழுந்து கேட்டதாகவும், அதைக் கண்டு விளக்குப் பிடித்தவன் மயங்கி விழுந்ததாகவும் சொக்கம்மாள் சாகும்வரை சொல்லிக்கொண்டிருந்தாள்.

ஒவ்வொரு படம் வெளியாகும்போதும் முப்பிடாதி அம்மாவுக்கு ஒரு கார்டு போடுவாள். ‘இந்தப் படத்திலும் இல்லை. அடுத்ததில் பார்க்கலாம்.’ சிவசைலம் மாமா ஒற்றைக் கண்ணால் அதைப் படித்துக் காட்டுவார். முருகம்மாள் கேட்டுவிட்டுக் கூடையைத் தூக்கிக்கொண்டு போய்விடுவாள். தியேட்டருக்குள் கால் வைக்க மாட்டேன் என்று சொன்னாளே தவிர, சுவரைப் பற்றி அவள் ஒன்றும் சொல்லவில்லை. அதனால் தென்காசிக்கு வருகிற நாட்களில் தியேட்டர் சுவரை ஒட்டிக் கூடையை இறக்கி வைத்துக்கொண்டு முழுப் படத்தையும் காதால் பார்த்துவிடுவாள். உள்ளே இருந்து வருகிறவர்கள் அவளிடம் கதை கேட்டுத் தெளிவு பெற்றுப் போவதும் உண்டாம். ஆனாலும் காது கண் ஆகுமா? இடையிடையே எல்லோரும் சேர்ந்து ஐயோ என்பார்கள். என்ன நடந்தது என்று அவளுக்குத் தெரியாது. சுவரையே பார்த்துக்கொண்டு நிற்பாள்.

மாமா ஊரிலிருந்து கார்டில் இதையெல்லாம் எழுதுவார். முப்பிடாதி அதைப் படித்துவிட்டு மடித்துத் தலைமாட்டில் வைத்துக்கொண்டு மறுநாள் தொட்டியில் விழப் போவாள்.

அறுபத்தாறு ஆனியில் ஜப்பார் அவளைத் தேடி வந்தார். அமெரிக்காவிலிருந்து ஹாலிவுட் படக்கூட்டம் ஒன்று குற்றாலத்துக்கு வருகிறது, காட்டுப் படம், வெள்ளைக்கார நாயகிக்கு அருவியில் நிற்க டூப் வேண்டும் என்றார். முப்பிடாதிக்குக் காய்ச்சல் விட்டு இரண்டு நாள்தான் ஆகியிருந்தது. அண்ணாச்சி, இன்னொரு அருவிக்கு என் உடம்பில் தெம்பில்லை என்றாள். ஊரையாவது பார்த்துவிட்டு வரலாம் தாயி என்றார் அவர். அந்த ஒரு வார்த்தைக்காகப் போனாள்.

ஐந்தருவியில் கூடாரம் போட்டிருந்தார்கள். வெள்ளைக்காரிக்கு டூப் என்றால் கறுத்த உடம்பை வெள்ளையாக்க வேண்டுமே. ஒரு மணி நேரம் அவளைச் சுவருக்குச் சுண்ணாம்பு அடிக்கிற மாதிரி அடித்தார்கள். அருவிக்குள் போய் இரண்டு நிமிஷத்தில் வெள்ளை எல்லாம் வழிந்து, உள்ளே இருந்த இலஞ்சிக்காரி வெளியே வந்துவிட்டாள். வந்தவள் ஈரத்தோடு ஒரு பாறையில் உட்கார்ந்து டீயைக் குடித்தாள். குடித்துக்கொண்டே வெறுமே பார்த்துக்கொண்டிருந்தாள். வெள்ளைக்கார டைரக்டர் துரை கூடாரத்து வாசலில் நின்று அவளைப் பார்த்தார். பக்கத்தில் நின்ற பிச்சைமணியிடம் ஏதோ சொன்னார். பிச்சைமணி சென்னையில் இருந்து வந்த உதவி டைரக்டர். துரை பேசுவதைத் தமிழில் சொல்வது அவன் வேலை.

“அக்கா, உங்க மூஞ்சியில இருக்கிற அலுப்பு ரொம்ப நல்லா இருக்காம். அப்படி ஒரு அலுப்பைத்தான் துரை தேடிக்கிட்டு இருந்தாராம்.”

முப்பிடாதி அவனை மூன்று தடவை திருப்பிச் சொல்லச் சொன்னாள். காட்சி இதுதான். அவள் ஒரு மலைக்காரப் பெண். அருவிக்குள் நிற்கிறாள். மேலே பாறையில் வந்து நிற்கிற வெள்ளைக்கார நாயகனை நிமிர்ந்து பார்க்க வேண்டும், பத்து எண்ணுகிற வரைக்கும். க்ளோசப். பிறகு திரும்பிக் காட்டுக்குள் நடந்து போய்விட வேண்டும். வசனம் கிடையாது. அத்தான் எப்படி வந்தாலும் கவலை இல்லை.

அன்றைக்கே இலஞ்சிக்குச் சொல்லி அனுப்பினாள். மறுநாள் காலையில் முருகம்மாளும் சிவசைலம் மாமாவும் வந்து கூட்டம் நெருங்காமல் கட்டியிருந்த கயிற்றுக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்தார்கள். முப்பிடாதியைக் கூடாரத்திலிருந்து கூட்டி வந்தார்கள். முகத்தில் செம்மண் நிறத்தில் பட்டை பட்டையாகச் சாயம், தலையில் மயில் தோகை, கழுத்தில் எலும்பு மாலை, மூக்கில் ஒரு வளையம். பொதிகை மலை உண்டான நாளில் இருந்து அந்த மாதிரி ஒரு மலைக்காரியைக் கண்டிருக்காது. மாமா கண்ணைத் துடைத்துவிட்டு இன்னொரு தடவை பார்த்தார். சாயத்துக்கு உள்ளே முகம் இருக்கிறதல்லவா, அது போதும் என்றிருந்தாள் முருகம்மாள்.

முப்பிடாதி அருவிக்குள் கால் வைத்தாள். தண்ணீர் பிடரியில் அடித்தது. கேமரா ஓடியது. முப்பிடாதி தலையைக் குனிந்துகொண்டு, இரண்டு கையையும் உச்சியில் கோத்துக்கொண்டு நின்றாள்.

கட் என்றார்கள். மேலே பார்க்க வேண்டும் என்று பிச்சைமணி வந்து சொன்னான். தெரியும் என்றாள். மறுபடி ஓடியது. கை உச்சிக்குப் போயிற்று, தலை குனிந்துகொண்டது. நிமிரு நிமிரு என்று அவள் தனக்குள் சொல்லிக்கொண்டுதான் இருந்தாள். கழுத்து கேட்கவில்லை. இருபத்தேழு வருஷப் பழக்கம். ஏழு வருஷமாக எந்த முகத்தை எல்லோருக்கும் காட்ட வேண்டும் என்று தொட்டி தொட்டியாக விழுந்தாளோ, அந்த முகம் இப்போது தன் கால் கட்டைவிரலைப் பார்த்துக்கொண்டு நின்றது.

ஏழு தடவை ஆயிற்று. துரை தொப்பியைக் கழற்றித் தலையைத் தடவினார். அடுத்த காட்சியை எடுக்க, கூடாரத்துக்குள் இருந்த வெள்ளைக்கார நாயகியைக் கூப்பிடச் சொல்லி ஆள் போயிற்று. பிச்சைமணி கயிற்றோரம் நின்று, இன்னும் ஒரே தடவைதான் அக்கா, அதற்கு மேல் முடியாதாம் என்று சைகை காட்டினான். அருவிச் சத்தத்தில் எதுவும் காதில் விழாது.

முருகம்மாளுக்கு ஆங்கிலம் தெரியாது, காரியம் தெரிந்தது. மகளின் கழுத்துக்குப் பூட்டைப் போட்டது யார் என்பதும் தெரிந்தது. எழுந்து நின்றாள். கத்திச் சொல்லிப் பிரயோசனம் இல்லை, கேட்காது. அருவிக்கு மேலே ஏறி நின்று, தண்ணீரோடு கல்லோ கட்டையோ வருகிறதா என்று ஒரு ஆள் காவல் காத்தால் கீழே நிற்கிறவள் தைரியமாகப் பார்க்கலாம். முருகம்மாள் சின்னப் பெண்ணாக இருந்தபோது, மலையிலிருந்து மரக்கட்டை உருட்டி இறக்குகிறவர்கள் அப்படித்தான் செய்வார்கள். தான் போய் நிற்பதாக மாமா சொன்னார்.

“நீ காவல் நின்னா இருக்க ஒத்தக் கண்ணும் போயிரும். இங்கனயே இரி” என்று சொல்லிவிட்டு, சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு பாறை வழியாக ஏறத் தொடங்கினாள் முருகம்மாள்.

அறுபதை நெருங்குகிற உடம்பு. பாசி வழுக்கியது. இரண்டு இடத்தில் உட்கார்ந்து உட்கார்ந்து ஏறினாள். பிச்சைமணி தடுக்க ஓடினான். துரை அவன் தோளைப் பிடித்து நிறுத்திவிட்டார். கேமராக்காரன் விரலைப் பொத்தானில் வைத்துக்கொண்டு காத்திருந்தான்.

முப்பிடாதி இதை ஒன்றையும் பார்க்கவில்லை. குனிந்தபடிதான் நின்றாள். கடைசித் தடவை தொடங்கிற்று என்று ஓரக்கண்ணில் ஒரு கையசைப்பு மட்டும் தெரிந்தது. அப்போது காலடித் தண்ணீரில் ஒரு சிவப்புச் செம்பருத்திப் பூ விழுந்தது. பின்னாலேயே இன்னொன்று. மேலே ஆள் இருக்கிறது என்பதற்கு இலஞ்சிப் பிள்ளைகள் போடுகிற அடையாளம் அது. கல் வராது, பார் என்று அர்த்தம்.

கை தானாக உச்சியிலிருந்து இறங்கிற்று. முப்பிடாதி நிமிர்ந்தாள். மேலே பாறையில் நின்ற வெள்ளைக்கார நாயகன் அவள் கண்ணில் படவே இல்லை. அவனுக்குப் பின்னால், தண்ணீர் புறப்படுகிற வாயில், சேலை முழங்காலுக்கு மேல் நனைந்து, ஒரு கையால் மரக்கொப்பைப் பிடித்துக்கொண்டு, மறு கையை ஆட்டி, பாருட்டி பாருட்டி என்று வாயசைத்துக்கொண்டு அம்மா நின்றாள். விழுந்துவிடுவாளோ என்று பயமாக இருந்தது. பத்து எண்ணினார்கள். பதினைந்து எண்ணினார்கள். அருவியைப் பிறந்த நாளில் இருந்து அறிந்தவள் அதன் உச்சியை அன்றைக்குத்தான் பார்த்தாள்.

பிறகு சொன்னபடி திரும்பிக் காட்டுக்குள் நடந்து போனாள். துரை கை தட்டினார். பிச்சைமணி ஓடி வந்து, நாயகனை அப்படிப் பயமும் பிரியமுமாகப் பார்த்தது உலகத்தரம் என்று துரை சொல்வதாகச் சொன்னான். எந்த நாயகனை என்று முப்பிடாதி கேட்டாள்.

படம் அமெரிக்காவுக்குப் போய், அங்கே ஓடி, லண்டனுக்குப் போய், பம்பாய்க்கு வந்து, சென்னைக்கு வந்து, கீறலும் ஒட்டுமாகத் தென்காசிக்கு வந்து சேர அறுபத்தெட்டு கார்த்திகை ஆயிற்று. மூன்று நாளைக்குப் பகல் காட்சி மட்டும். அதற்குள் ஊர் அவளுக்கு ‘ஹாலிவுட்டு முப்பிடாதி’ என்று பெயர் வைத்துவிட்டது. அவள் காட்சிக்கு முதல்நாள் வந்து இறங்கினாள். படத்தை அவளும் பார்த்ததில்லை. முந்தின வாரம் முழுக்க ஒரு வெள்ளக் காட்சிக்காக ஸ்டூடியோத் தண்ணீரில் கிடந்திருந்தாள். ரயிலில் உட்கார இடம் கிடைக்கவில்லை. தூங்கி ஐந்து நாள் இருக்கும்.

முருகம்மாள் பட்டுச் சேலை கட்டிக்கொண்டாள். ஒன்பது வருஷத்துக்குப் பிறகு தியேட்டர் வாசலில் நின்று, செருப்பைக் கழற்றலாமா என்று ஒரு நொடி யோசித்துவிட்டு உள்ளே போனாள். இலஞ்சி, ஆய்க்குடி, மேலகரம் என்று ஜனம் நிரம்பி வழிந்தது. மாமா அன்று முழு டிக்கெட் வாங்கினார்.

ஆங்கிலப் படம். யாருக்கும் ஒரு எழுத்தும் புரியவில்லை. புலி வந்தது, துப்பாக்கி வெடித்தது. ஒவ்வொரு பெண் வரும்போதும், இது முப்பிடாதியா, இது முப்பிடாதியா என்று பின்னால் கேட்டுக்கொண்டே இருந்தார்கள். ஐந்தருவி தெரிந்ததும் விசில் பறந்தது. அருவிக்குள் குனிந்த ஒரு தலை மெல்ல நிமிர்ந்தது.

திரை முழுக்க முகம். தேர் அளவுக்கு இருந்தது. பட்டை பட்டையாகச் சாயம், மூக்கு வளையம், சொட்டச் சொட்ட ஈரம், நடுவில் இரண்டு கண். தியேட்டர் அமைதியாகப் பார்த்தது. முப்பிடாதி தனக்குள் எண்ணினாள். ஒன்று, இரண்டு, மூன்று. நாலு, ஐந்து, ஆறு. ஏழு, எட்டு. பின்னால் ஒருத்தி பக்கத்தில் இருந்தவளிடம் அலுத்துக்கொண்டாள்.

“யாருட்டி இந்தக் காட்டுக்காரி? இவளையே எவ்வளவு நேரம் காட்டுதான். நம்ம முப்பிடாதி எப்ப வருவா?”

முகம் திரும்பிற்று. ஈர முதுகு காட்டை நோக்கி நடந்தது. இடது தோளுக்குக் கீழே கொல்லாங்கொட்டை.

“ஏலே, முப்பிடாதிலே!”

தியேட்டர் இடிந்து விழாதது குற்றாலநாதர் புண்ணியம். தரை டிக்கெட்டில் இருந்தவர்கள் எழுந்து நின்று துண்டைச் சுழற்றினார்கள். விசில் சத்தம் ஆலங்குளம் வரைக்கும் கேட்டிருக்கும், சம்பந்தியம்மாள் காதில் விழுந்திருக்கவும் கூடும். முப்பிடாதி இருட்டில் உட்கார்ந்திருந்தாள். அழுகை வருமென்று நினைத்தாள், வரவில்லை. சிரிக்கவும் தெம்பில்லை. காலை நீட்டிக்கொண்டால் தேவலை என்று மட்டும் இருந்தது.

அம்மா அவள் பக்கம் திரும்பி, திரை வெளிச்சத்தில் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“மூக்கு எங்கம்மை மூக்குல்லாட்டி உனக்கு” என்றாள். “இவ்வளவு நாளும் எண்ணெய் தேச்சு விட்டதும் தலை சீவி விட்டதும் பின்னால இருந்துதான. இன்னைக்குத்தான் பாத்தேன்.”

முப்பிடாதி அம்மாவின் தோளில் சாய்ந்துகொண்டாள்.

மறுநாளும் பார்க்க வேண்டும் என்று முருகம்மாள் ஒரே பிடிவாதம். ஒன்பது வருஷப் பாக்கி இருக்கிறது என்றாள். அன்றைக்குக் கூட்டம் குறைவு. நல்ல இடமாகப் பார்த்து நடுவில் உட்கார்ந்தார்கள். கூரை வழியே மழைச் சத்தம் கேட்டது. இந்தத் தண்ணீரில் தன்னை யாரும் இறங்கச் சொல்லப் போவதில்லை என்ற நினைப்பில் முப்பிடாதிக்குக் கண் செருகியது. காலையில் ஜப்பார் அண்ணாச்சியின் கார்டு வந்திருந்தது. அடுத்த புதன்கிழமை ஒரு கதாநாயகி கிணற்றில் விழுகிறாளாம். பதில் எழுதவில்லை. எழுத வேண்டும் என்று தோன்றவும் இல்லை. புலி வருவதற்கு முன்பே அவள் தூங்கிப்போனாள்.

அருவி வந்தது. தலை நிமிர்ந்தது. முருகம்மாள் மகளை எழுப்பக் கையைத் தூக்கினாள். தூங்குகிற முகத்தைப் பார்த்தாள், திரையில் இருந்த முகத்தைப் பார்த்தாள். கையை மடியில் வைத்துக்கொண்டாள். பத்து எண்ணுகிற நேரம் முகம் இருந்துவிட்டுப் போயிற்று. முதுகு தெரிந்ததும் தரையிலிருந்து விசில் கிளம்பியது. முப்பிடாதி திடுக்கிட்டு விழித்தாள்.

“வந்துட்டனாம்மா?”

“வந்துட்டுப் போயிட்ட” என்றாள் முருகம்மாள். “நீ தூங்கு.”